விலங்குகளின் தன்பால் நடத்தை: ஒரே செயல், வேறு வேறு காரணங்கள்

பால்மாடு வளர்ப்பவர்களுக்கு ஒரு விஷயம் நன்றாகத் தெரியும். சினைப்பருவத்துக்கு வந்த பசு மற்றப் பசுக்களின் முதுகில் தாவி ஏறும்; மற்றவை தன்மேல் ஏறும்போது விலகாமல் நின்று கொடுக்கும். ஏறுகிற பசுவைவிட நின்று கொடுக்கிற பசுதான் முக்கியம். சினை ஊசிக்குத் தயாராக இருப்பது அதுதான். காலையில் இந்த அறிகுறி தெரிந்தால் அன்று மாலையும், மாலையில் தெரிந்தால் மறுநாள் காலையும் ஊசி போடுவது பண்ணைகளின் பழைய கணக்கு. ஆள் பார்க்காத நேரத்தில் அறிகுறி தப்பிவிடக் கூடாது என்று வாலின் அடிப்பகுதியில் வண்ணம் பூசிவைப்பதும் உண்டு. வேறொரு பசு ஏறியிருந்தால் வண்ணம் தேய்ந்திருக்கும்.

இதில் சம்பந்தப்பட்ட இரண்டுமே பெண் விலங்குகள். பால் பண்ணைத் தொழில் நம்பியிருக்கும் இந்த அன்றாடக் காட்சி கண்முன்னே இருக்க, பொதுப்பேச்சில் இரண்டு வாசகங்கள் சுற்றிக்கொண்டே இருக்கின்றன. ஒன்று, "மிருகங்கள்கூட அப்படிச் செய்யாது." இன்னொன்று, "1,500 விலங்கினங்கள் ஓரினச் சேர்க்கையாளர்கள் என்று நிரூபித்துவிட்டார்கள்." முதலாவது வெறும் பிழை. இரண்டாவது உண்மையின் ஒரு துண்டைப் பிடித்துக்கொண்டு தொலைதூரம் ஓடிவிடுகிறது. அறிவியலுக்குத் தெரிந்தது இவ்விரண்டையும்விடச் சுவையானது. அதைப் புரிந்துகொள்ளச் சில வேறுபாடுகளை மனத்தில் வைத்துக்கொண்டால் போதும்.

செயல், இணை, விருப்பம்

தூரத்தில் இரண்டு பேர் கைகோத்து நடந்து போவதைப் பார்க்கிறீர்கள். காதலர்களாக இருக்கலாம். நெடுநாள் நண்பர்களாக இருக்கலாம். பார்வை குறைந்த ஒருவரை இன்னொருவர் அழைத்துப் போகலாம். பாதை வழுக்குகிறது என்பதற்காக மட்டும் பிடித்திருக்கலாம். கை கோத்திருப்பது உண்மை. எதற்காக என்பது அந்தக் காட்சிக்குள் இல்லை. அதை அறிய அவர்களை இன்னும் கொஞ்ச நேரம், வேறு சில சூழல்களிலும் பார்க்க வேண்டும்.

விலங்குகளிலும் இதே சிக்கல்தான். அதனால் ஆய்வாளர்கள் மூன்று விஷயங்களைப் பிரித்துப் பேசுகிறார்கள்.

தன்பால் நடத்தை என்பது ஒரே பாலைச் சேர்ந்த இரண்டு விலங்குகளுக்கு இடையே நடக்கும், வழக்கமாக இனச்சேர்க்கையில் காணப்படுகிற ஒரு செயல். முதுகில் ஏறுவது, பிறப்புறுப்பை உரசுவது, இணையைக் கவர ஆடும் ஆட்டம் எல்லாம் இதில் சேரும்.

தன்பால் இணை என்பது ஒரே பாலைச் சேர்ந்த இரண்டு விலங்குகள் ஒரு பருவமோ பல ஆண்டுகளோ ஜோடியாக வாழ்வது. கூட்டைப் பகிர்வது, அடைகாப்பது, குஞ்சு வளர்ப்பது இதன் அடையாளங்கள். அந்த ஜோடிக்குள் பாலியல் செயல் இருக்கலாம், இல்லாமலும் போகலாம்.

தன்பால் விருப்பம் என்பது ஆணும் பெண்ணும் எட்டும் தூரத்திலேயே இருக்கும்போதும், தன் பாலைச் சேர்ந்ததையே ஒரு விலங்கு திரும்பத் திரும்பத் தேர்ந்தெடுப்பது.

முதலாவது பரவலாகக் காணப்படுவது. இரண்டாவது சில பறவையினங்களில் நன்றாக ஆராயப்பட்டிருக்கிறது. மூன்றாவதைச் சோதனை முறையில் உறுதிசெய்த இனங்கள் மிகக் குறைவு. செய்தித் தலைப்புகளில் வரும் குழப்பத்தில் பெரும்பகுதி, முதலாவதற்கான ஆதாரத்தைக் காட்டி மூன்றாவதைச் சொல்வதால் வருவது. மனிதர்கள் தம்மைப் பற்றிச் சொல்லிக்கொள்ளும் அடையாளங்களை விலங்குகள்மேல் ஒட்டாமல் இருப்பதும் இதே காரணத்தால்தான். ஒரு குரங்கு என்ன செய்தது என்று நம்மால் எண்ண முடியும். தன்னை அது யாராக நினைக்கிறது என்று கேட்க வழியில்லை.

கண்டும் எழுதாமல் விட்டவை

இது புதிய கண்டுபிடிப்பு என்று பலர் நினைக்கிறார்கள். ஆண் இல்லாதபோது பெண் புறாக்கள் ஒன்றன்மேல் ஒன்று ஏறும் என்றும், அப்போது இடும் முட்டைகள் பொரிக்காது என்றும் அரிஸ்டாட்டிலே எழுதிவைத்திருக்கிறார். 1896இல் பிரெஞ்சுப் பூச்சியியலாளர் அன்றி காதோ தெ கெர்வில், ஆண் வண்டுகளுக்கு இடையிலான சேர்க்கையை விவரித்து, வேறு வழியில்லாமல் நடப்பது, விருப்பத்தால் நடப்பது என்று இரண்டாகவும் பிரித்தார். பிரிக்க வேண்டும் என்ற எண்ணம் அப்போதே இருந்திருக்கிறது.

அதற்குப் பிறகு நடந்ததுதான் வருத்தத்துக்குரியது. தென்துருவம் தேடிப் போன பிரிட்டிஷ் பயணி ராபர்ட் ஸ்காட்டின் டெர்ரா நோவா பயணக் குழுவில் மருத்துவராகப் போன ஜார்ஜ் மரி லெவிக், 1911-12இல் அண்டார்க்டிகாவின் கேப் அடேரில் அடேலி பெங்குயின்களின் இனப்பெருக்கக் காலம் முழுவதையும் அருகிலிருந்து கவனித்தார். ஆண் பெங்குயின்கள் ஆண்களோடு சேர முயல்வதையும், இறந்துகிடக்கும் பெண் உடல்கள்மேல் ஏறுவதையும் கண்டு அதிர்ந்து, சில குறிப்புகளை மற்றவர்கள் படிக்கக் கூடாதென்று கிரேக்க எழுத்தில் எழுதினார். 1915இல் அந்தப் பகுதி 'வெளியிடுவதற்கல்ல' என்ற குறிப்போடு 100 பிரதிகள் மட்டும் அச்சாகி, சில நிபுணர்களிடம் சுற்றியதோடு மறைந்துபோனது. பிரிட்டனின் இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தின் டிரிங் கிளையில் ஒரு பிரதி கிடைத்து, 2012இல்தான் அது முறையாக வெளிவந்தது. ஏறத்தாழ ஒரு நூற்றாண்டு.

லெவிக்கின் உற்றுநோக்கல் துல்லியமானது, விளக்கம்தான் தவறியது. அவர் அதை ஒழுக்கக் கேடாகப் படித்தார். இன்றைய விளக்கம் எளியது. அடேலி பெங்குயின்களுக்கு இனப்பெருக்கத்துக்குக் கிடைக்கும் காலம் மிகக் குறுகியது. அனுபவமில்லாத இளம் ஆண்கள், படுத்திருக்கும் ஓர் உடலின் தோரணையைக் கண்டவுடனே ஏறிவிடுகின்றன. கீழே இருப்பது யார், உயிரோடு இருக்கிறதா என்பதைக்கூட அவை சோதிப்பதில்லை.

வெட்கத்தைவிட அதிகமாக மறைத்தது ஒரு களப்பழக்கம். ஆணும் பெண்ணும் ஒரே தோற்றத்தில் இருக்கும் இனங்களில், மேலே ஏறியிருப்பதை ஆண் என்றும் கீழே இருப்பதைப் பெண் என்றும் குறித்துக்கொள்வார்கள். இப்படிக் குறித்தால் தன்பால் நடத்தை ஒருபோதும் பதிவேட்டில் ஏறவே முடியாது. எத்தனை ஆயிரம் மணி நேரம் பார்த்தாலும் விடை பூஜ்யம்தான் வரும், கேள்வியிலேயே விடையைத் திணித்துவிட்டதால்.

ஆணும் பெண்ணும் தெளிவாகத் தெரியும் இனங்களிலோ வேறு பெயர் சூட்டப்பட்டது. ஆண் ஆண்மேல் ஏறினால் 'ஆதிக்கம்', 'விளையாட்டு', 'வாழ்த்து' என்று எழுதினார்கள். மலை ஆடுகளை ஆராய்ந்த வலேரியஸ் கெய்ஸ்ட், தான் கண்டதை முதலில் ஆக்கிரமிப்பின் ஒரு வகையாகவே வகைப்படுத்தியதாகவும், அதைப் பாலியல் நடத்தை என்று ஒத்துக்கொள்ள நாளானதாகவும் பின்னர் எழுதினார். ஆதிக்கம் என்ற விளக்கம் சில இனங்களில் உண்மைதான். ஆனால் அது சோதித்துப் பார்த்த முடிவாக இல்லாமல், சோதிக்காமல் தப்பிக்கும் வழியாகப் பல காலம் இருந்தது.

இன்றும் இடைவெளி முழுக்க மூடவில்லை. பாலூட்டிகளைக் களத்தில் ஆராயும் 65 நிபுணர்களிடம் கேட்டு 2024இல் வெளியான ஒரு கணிப்பில், தாம் ஆராயும் இனத்தில் தன்பால் நடத்தையைக் கண்டதாக ஏறத்தாழ 77 சதவீதத்தினர் சொன்னார்கள். அதைத் தரவாகச் சேகரித்தவர்கள் ஏறத்தாழ 48 சதவீதம். வெளியிட்டவர்கள் 19 சதவீதம்கூட இல்லை. சங்கடத்தைவிட, 'இது அபூர்வம், எங்கள் ஆய்வுக்கு முக்கியமில்லை' என்ற எண்ணமே பெரும் காரணம். எல்லோரும் அபூர்வம் என்று நினைத்து எழுதாமல் விட்டால், அது ஏட்டில் அபூர்வமாகவே இருக்கும்.

ஆண் எது, பெண் எது என்று எப்படித் தெரியும்?

இந்தத் துறையைத் திருப்பிப்போட்டது பெரிய கோட்பாடு எதுவும் இல்லை. பாலினத்தை நம்பகமாகக் கண்டறியும் எளிய ஆய்வகச் சோதனைதான்.

பறவைகளில் அது இப்படி நடக்கிறது. முதலில் ஒவ்வொரு பறவையின் காலிலும் எண்ணிட்ட வளையம் மாட்டப்படும். தனித்தனியாக அடையாளம் தெரியாமல் மேற்கொண்டு எதுவும் செய்ய முடியாது. பிறகு ஒரு துளி ரத்தமோ பிடுங்கிய இறகின் அடியோ எடுத்து டிஎன்ஏ பிரிக்கப்படும். பறவைகளில் ஆணுக்கு இரண்டு இசட் குரோமோசோம்கள். பெண்ணுக்கு ஒரு இசட், ஒரு டபிள்யூ. இரண்டு குரோமோசோம்களிலும் சிஎச்டி என்ற மரபணு உண்டு, ஆனால் அதன் நீளம் இரண்டிலும் ஒன்றாக இருக்காது. அந்தப் பகுதியை மட்டும் படியெடுத்துப் பெருக்கி, மின்சாரம் பாயும் ஜெல்லில் ஓடவிட்டால், துண்டுகள் நீளத்துக்கேற்பப் பிரிந்து ஆணுக்கு ஒரு பட்டையும் பெண்ணுக்கு இரண்டு பட்டைகளும் விழும். மாதிரி கெட்டுப்போயிருந்தால் பெண்ணின் இரண்டு பட்டைகளில் ஒன்று தோன்றாமலே போய், பெண் ஆணாகப் பதிவாகிவிடும் ஆபத்து உண்டு. அதனால் சந்தேகமான மாதிரிகளை மறுபடியும் ஓட்டிப் பார்ப்பார்கள்.

ஹவாய் தீவுகளில் ஓவாகுவின் கஏனா முனையில் கூடு கட்டும் லேசான் அல்பட்ராஸ் என்ற கடற்பறவைகளிடம் இந்தச் சோதனையைச் செய்தபோதுதான் உண்மை வெளிப்பட்டது. அல்பட்ராஸ் ஆண்டுக்கு ஒரே முட்டை இடும். ஆனால் சில கூடுகளில் இரண்டு முட்டைகள் கிடந்தன. லிண்ட்சே யங்கும் அவருடைய குழுவினரும் 2008இல் வெளியிட்ட முடிவு, அங்கிருந்த ஜோடிகளில் 31 சதவீதம் பெண்ணும் பெண்ணுமாக இருந்தன என்பது. சில ஜோடிகள் பல ஆண்டுகளாகப் பிரியாமல் இருந்தவை. ஒரு ஜோடி 19 ஆண்டுகள்.

ஏன் அப்படி? அந்தக் குடியிருப்பில் வளர்ந்த பறவைகளில் 59 சதவீதம் பெண்கள். ஆண் கிடைக்காத பெண் ஒன்று தனியாகக் குஞ்சு வளர்க்க முடியாது. முட்டையைச் சுமார் 65 நாட்கள் அடைகாக்க வேண்டும், ஒன்று கடலில் இரை தேடும்போது மற்றொன்று கூட்டில் இருந்தாக வேண்டும். இந்தப் பெண்கள், ஏற்கெனவே வேறு பெண்ணோடு ஜோடியாக இருக்கும் ஆணிடம் கருவுற்றுவிட்டு, இன்னொரு பெண்ணோடு சேர்ந்து குஞ்சை வளர்க்கின்றன. இருவரும் முட்டையிட்டால் ஒரு முட்டை வீணாகும், ஏனென்றால் ஓர் அல்பட்ராஸின் அடைகாக்கும் வயிற்றுத்தடத்தில் ஒன்றுக்குத்தான் இடம். ஆகவே ஆண்-பெண் ஜோடிகளைவிட இவற்றின் வெற்றி குறைவு. ஆனால் குஞ்சே வளர்க்காமல் இருப்பதைவிட அதிகம். இங்கே ஒப்பிட வேண்டியது இந்த இரண்டாவதைத்தான். பலர் முதலாவதோடு ஒப்பிட்டுவிட்டு, இந்த ஏற்பாடு ஏன் நீடிக்கிறது என்று வியக்கிறார்கள்.

இதற்கு முன்னோடி 1977இல் வந்தது. கலிபோர்னியாவின் சாண்டா பார்பரா தீவில் மேற்குக் கடற்காகங்கள் வழக்கமாக அதிகபட்சம் மூன்று முட்டைகள் இடும். சில கூடுகளில் நான்கு முதல் ஆறு வரை இருந்தன. அவை இரண்டு பெண்கள் பகிர்ந்துகொண்ட கூடுகள் என்று ஜார்ஜ் ஹன்ட், மோலி ஹன்ட் இருவரும் காட்டினார்கள். அங்கும் ஆண் பற்றாக்குறைதான். அந்தக் கடற்கரையில் கலந்த டிடிடி பூச்சிக்கொல்லி கருவில் இருக்கும் ஆண் குஞ்சுகளைப் பாதித்திருக்கலாம் என்று பின்னால் ஒரு வாதம் எழுந்தது. கடற்காக முட்டைகளில் டிடிடியைச் செலுத்திப் பார்த்தபோது ஆண் கருக்களில் பெண்ணுக்குரிய இனப்பெருக்கத் திசு வளர்ந்தது உண்மை. என்றாலும் மாசு சேராத இனங்களிலும் இடங்களிலும் பெண்-பெண் ஜோடிகள் இருப்பதால், மாசை எல்லாவற்றுக்கும் காரணமாக்க முடியாது.

சுருக்கமாக இதுவரை: பாலினத்தை ஊகித்தால் தன்பால் நடத்தை மறைந்துவிடும், சோதித்தால் தெரியவரும். தெரியவந்த இடங்களிலும் 'இணை' என்பது குஞ்சு வளர்க்கும் ஏற்பாடாக இருக்கலாம், பாலியல் விருப்பத்தின் ஆதாரமாக அதை எடுத்துக்கொள்ள முடியாது.

அடையாளம் தவறுதல்: தேரைகளும் ஈக்களும்

பூச்சிகளிலும் தவளை, தேரைகளிலும் மிகுதியாகக் கிடைக்கும் விளக்கம் இது. மழைக்குப் பின் குளத்தில் கூடும் ஆண் தேரை, கைக்கு எட்டிய அளவொத்த உடல் எதுவாக இருந்தாலும் பின்னாலிருந்து இறுகப் பிடித்துக்கொள்ளும். பிடிபட்டதும் ஆணாக இருந்தால் ஒரு தனிக் குரல் எழுப்பி உடலை அதிரவைக்கும். 'விடுவிப்புக் குரல்' என்று இதற்குப் பெயர். பிடித்தது விட்டுவிடும். இந்தத் தவறு அடிக்கடி நடக்கிறது, அதைத் திருத்த ஒரு சமிக்ஞையே பரிணாமத்தில் உருவாகும் அளவுக்கு. மூட்டைப்பூச்சியிலும் இதற்கு இணையான ஏற்பாடு உண்டு. இரத்தம் குடித்து உப்பிய எந்தப் பூச்சியின்மேலும் ஆண் ஏறும். ஏறப்பட்டது ஆணாக இருந்தால் எச்சரிக்கை வேதிப்பொருளை வெளியிட்டு விரட்டும்.

இவ்வளவு தவறுகிற முறையைப் பரிணாமம் ஏன் சகித்துக்கொள்கிறது? கணக்கு பார்த்தால் புரியும். பெண்ணைத் தவறவிட்டால் இழப்பு பெரிது. ஆணைப் பிடித்துவிட்டால் சில நொடிகள்தான் வீண். பிடிப்பதற்கு முன் கவனமாகச் சோதிக்கிற தேரை, சோதித்து முடிப்பதற்குள் வாய்ப்பைப் போட்டியாளரிடம் இழந்துவிடும். ஆழ்கடலில் வாழும் ஆக்டோபோட்யூதிஸ் என்ற கணவாயில் இந்தக் கணக்கு உச்சத்துக்குப் போகிறது. இருளில், தனிமையில் வாழும் இவற்றின் ஆண்கள் எதிர்ப்படும் தன்னினத்தின்மேலெல்லாம் விந்துப் பொதிகளை ஒட்டிவிடுகின்றன. கலிபோர்னியாவின் மான்டரே ஆழ்கடலில் எடுத்த படங்களை ஆராய்ந்து 2012இல் வெளியிட்டபோது, பொதிகள் ஒட்டியிருந்த ஆண்களின் எண்ணிக்கையும் பெண்களின் எண்ணிக்கையும் ஏறத்தாழச் சமமாக இருந்தன.

அடையாளம் காணும் பொறிமுறை எவ்வளவு மெல்லியது என்பதைப் பழ ஈ காட்டுகிறது. ஆண் ஈயின் உடல்மேல் இருக்கும் ஃபெரோமோன், அதாவது தன்னினத்துக்குச் சேதி சொல்லும் வேதிப்பொருள், மற்ற ஆண்களை விலக்குகிறது. அதை உணரும் நரம்புச் சுற்றை அமைப்பதில் ஃப்ரூட்லெஸ் என்ற மரபணுவுக்குப் பங்கு உண்டு. அது பழுதானால் ஆண் ஈக்கள் ஆண்களையும் கவர முயல்கின்றன. 2005இல் அந்த மரபணுவின் ஆண் வடிவத்தைப் பெண் ஈக்களில் செயல்படவைத்தபோது, அவை பெண்களைச் சுற்றி ஆணின் கவர்ச்சி நடனத்தை ஆடின. ஈயின் நடத்தையைச் சொல்லும் இந்தச் சோதனையை மனிதரின் 'ஓரினச் சேர்க்கை மரபணு' என்று தலைப்பிட்டவர்கள் உண்டு. அது முழுத் தவறு; பழ ஈயின் கவர்ச்சி நடனம் கற்காமலே வரும் நரம்பு நிரல், மனித விருப்பம் அப்படி ஒரே மரபணுவில் அடங்கியதில்லை.

உறவை நெய்யும் செயல்: குரங்குகள்

சிம்பன்சிக்கு நெருங்கிய மனிதக் குரங்கான பொனோபோவிடம் அடையாளம் தவறுதல் என்ற பேச்சுக்கே இடமில்லை. ஒவ்வொன்றும் மற்றதை நன்றாக அறியும். பெண் பொனோபோக்கள் ஒன்றையொன்று அணைத்துப் பிறப்புறுப்புகளை உரசிக்கொள்கின்றன. குறிப்பாக, பழம் நிறைந்த மரத்தை அடையும்போது இது கூடுகிறது. உணவு ஒரே இடத்தில் குவிந்து கிடப்பது சண்டைக்கான சூழல். உரசிய பிறகு அருகருகே உட்கார்ந்து உண்கின்றன. காங்கோவில் காட்டுப் பொனோபோக்களின் சிறுநீரைச் சேகரித்து 2019இல் வெளியான ஆய்வில், பெண்-பெண் உரசலுக்குப் பின் ஆக்ஸிடோசின் என்ற ஹார்மோன் கூடியது; ஆணோடு சேர்ந்த பின் அப்படிக் கூடவில்லை. ஆக்ஸிடோசின் சமூகப் பிணைப்போடு தொடர்புடையது. பொனோபோ சமூகத்தில் பெண்கள் கூட்டு சேர்ந்து ஆண்களை அடக்கிவைக்கிறார்கள், இத்தனைக்கும் அந்தப் பெண்களில் பெரும்பாலோர் வேறு குழுக்களிலிருந்து வந்த உறவில்லாதவர்கள். அந்தக் கூட்டணிக்கு இந்தச் செயல் ஒரு பசை.

ஜப்பானிய மக்காக் குரங்குகளின் கதை வேறு. சில குழுக்களில் பெண்கள் இனப்பெருக்கக் காலத்தில் ஜோடி சேர்ந்து, மணிக்கணக்கிலும் சில சமயம் நாள்கணக்கிலும் ஒன்றாகவே இருந்து ஒன்றன்மேல் ஒன்று ஏறுகின்றன. பால் வேஸி (Paul Vasey) என்ற ஆய்வாளர் பல ஆண்டுகள் பொறுமையாக ஒவ்வொரு விளக்கத்தையும் சோதித்தார். கூட்டணிக்காகவா? இல்லை. சமரசத்துக்காகவா? இல்லை. அதிகாரத்தைக் காட்டவா? இல்லை, தாழ்ந்த நிலையில் இருப்பதும் உயர்ந்ததன்மேல் ஏறுகிறது. ஆனால் தாய்-மகள், அக்கா-தங்கை இப்படி ஜோடி சேர்வதைத் தவிர்க்கின்றன. ஆண்-பெண் சேர்க்கையில் நெருங்கிய உறவு தவிர்க்கப்படுவது போலவே. இது சமூகச் சடங்காக இருந்தால் உறவினரைத் தவிர்க்கக் காரணமே இல்லை. பாலியல் இன்பத்துக்காகத்தான் செய்கின்றன என்பதே எஞ்சும் விளக்கம். நடத்தைக்குப் 'பயன்' ஒன்று இருந்தே ஆக வேண்டும் என்று பிடிவாதம் பிடிக்காத இந்த ஆய்வை, துறையிலேயே நேர்மையான வேலைகளில் ஒன்றாகச் சொல்லலாம்.

இங்கே சாட்டைவால் பல்லியையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். அமெரிக்கத் தென்மேற்குப் பாலைநிலத்தில் வாழும் ஒரு வகையில் ஆணே கிடையாது. எல்லாப் பல்லிகளும் பெண்கள், கருவுறாமலே முட்டையிட்டுத் தம்மைப் போலவே மகள்களைப் பெறுகின்றன. இருந்தும் ஒன்று மற்றதன்மேல் ஏறும். முட்டை முதிரும்போது ஈஸ்ட்ரோஜன் என்ற ஹார்மோன் கூடியிருக்கும் பல்லி கீழே இருக்கும்; கருமுட்டை சினைப்பையிலிருந்து வெளிவந்த பின் புரோஜெஸ்டிரோன் என்ற ஹார்மோன் கூடியிருப்பது மேலே ஏறும். சில வாரங்களில் இருவரின் நிலையும் மாறும். டேவிட் க்ரூஸ் குழுவின் சோதனைகளில், இப்படி ஏறப்பட்ட பல்லிகள் தனியாக இருந்தவற்றைவிட அதிக முட்டைகள் இட்டன. ஆணோடு கூடிய மூதாதையரிடமிருந்து வந்த தூண்டுதல் முறை, ஆண் மறைந்த பிறகும் முட்டையுருவாக்கத்தை முடுக்கிவிடுகிறது.

விருப்பத்தைச் சோதிப்பது: செம்மறிக் கிடாக்கள்

'விருப்பம்' என்று சொல்ல வேண்டுமானால், இரு பாலும் கிடைக்கும் நிலையில் தேர்வைப் பார்க்க வேண்டும். ஆண்களை மட்டும் அடைத்துவைத்த கொட்டிலில் நடப்பது விருப்பத்தைக் காட்டாது. வேறு வழி இல்லாததை மட்டுமே காட்டும். செம்மறி ஆடுகளில் இதைச் சரியாகச் செய்தார்கள். சினைப்பருவத்தில் இருக்கும் இரண்டு பெட்டைகளையும் இரண்டு கிடாக்களையும் நகர முடியாதபடி சட்டகத்தில் நிறுத்திவைத்து, சோதிக்க வேண்டிய கிடாவை உள்ளே விட்டு, அது யாரை முகர்கிறது, யார்மேல் ஏறுகிறது என்று எண்ணுவார்கள். நான்கும் நிறுத்திவைக்கப்பட்டிருப்பதால் எதிர்த்தரப்பின் ஒத்துழைப்போ விரட்டலோ முடிவைக் குழப்பாது. ஒரே ஒரு முறை பார்ப்பதும் போதாது. வெவ்வேறு நாட்களில் திரும்பச் செய்ய வேண்டும்.

இப்படிப் பார்த்ததில், வீட்டுச் செம்மறிக் கிடாக்களில் சுமார் 8 சதவீதம் திரும்பத் திரும்பக் கிடாக்களையே தேர்ந்தெடுத்தன. ஓரிகனில் சார்லஸ் ரோசெல்லி குழு 2004இல் இவற்றின் மூளையை ஆராய்ந்தது. ஹைப்போதலாமஸ் என்பது பசி, வெப்பம், பாலியல் போன்றவற்றை ஆளும் மூளைப்பகுதி. அதற்குள் இருக்கும் ஒரு சிறு நரம்பணுத் திரள், பெட்டைகளை நாடும் கிடாக்களில் கிடாக்களை நாடுபவற்றைவிட ஏறத்தாழ இரண்டு மடங்கு பெரிதாக இருந்தது. கிடாக்களை நாடுபவற்றில் அது பெட்டையின் அளவுக்கு அருகில் இருந்தது.

மூளை வேறுபாட்டால் நடத்தை வந்ததா, நடத்தையால் மூளை மாறியதா? இந்தக் கேள்வி உடனே எழ வேண்டும். சினைக்காலம் சுமார் ஐந்து மாதங்கள். அதில் 30ஆம் நாளுக்கும் 90ஆம் நாளுக்கும் இடையில் பெட்டைக் கருக்களுக்கு ஆண் ஹார்மோனான டெஸ்டோஸ்டிரோன் கொடுத்தபோது அந்தத் திரள் கிடாவின் அளவுக்குப் பெரிதானது. ஆக, அதன் அளவு பிறப்பதற்கு முன்பே பெருமளவு தீர்மானமாகிறது. இதனால் காரணம் முழுவதும் தெரிந்துவிட்டது என்று ஆகாது. ஆனால் 'கூட்டத்தில் கற்றுக்கொண்ட பழக்கம்' என்ற விளக்கம் இங்கே பலவீனப்படுகிறது. பெட்டைகளிடம் இதே சோதனையைச் செய்வது கடினம்: சினைப்பருவப் பெட்டை ஏறாமல் அசையாது நிற்பதன் மூலமே தன் நாட்டத்தைக் காட்டும், நிற்பது யாருக்காக என்று பிரித்தறிய முடியாது.

இவ்வளவையும் சேர்த்துப் பார்த்தால், தேரையின் பிடியும் பொனோபோவின் உரசலும் கிடாவின் தேர்வும் வெளியிலிருந்து ஒரே பெயரில் அடங்குகின்றன. உள்ளே இயங்குவது மூன்று வேறு பொறிமுறைகள்.

பரிணாமத்துக்கு இது முரணா?

சந்ததி பெருக்காத நடத்தையை இயற்கைத் தேர்வு களைந்திருக்க வேண்டாமா என்பதே பழைய கேள்வி. அதற்குள் ஒரு மறைமுக ஊகம் இருக்கிறது: தன்பால் நடத்தை உள்ள விலங்கு எதிர்பாலோடு சேர்வதே இல்லை என்ற ஊகம். பெரும்பாலான இனங்களில் அது உண்மை இல்லை.

புவேர்ட்டோ ரிக்கோவுக்கு அருகே கயோ சாண்டியாகோ தீவில், 1938இல் இந்தியாவிலிருந்து கொண்டுபோன ரீசஸ் குரங்குகளின் வழித்தோன்றல்கள் வாழ்கின்றன. யாருக்கு யார் பிள்ளை என்ற பதிவு பல தலைமுறைகளுக்கு உண்டு. 236 ஆண்களைக் கவனித்து 2023இல் வெளியான ஆய்வில், 72 சதவீதம் வேறு ஆண்மேல் ஏறின. பெண்மேல் ஏறியது பதிவானவை 46 சதவீதம். ஏறிக்கொண்ட ஆண்கள் சண்டையில் ஒருவருக்கொருவர் துணை நின்றன, பிள்ளைகளின் எண்ணிக்கையிலும் குறைவு காணப்படவில்லை. தனிக்குரங்குகளுக்கு இடையிலான வேறுபாட்டில் ஏறத்தாழ 6.4 சதவீதம் மரபுவழி வந்தது. சிறிய எண்தான், ஆனால் இயற்கைத் தேர்வு வேலைசெய்ய அது போதும்.

ஜூலியா மங்க்கும் உடனாளர்களும் 2019இல் கேள்வியையே திருப்பினார்கள். ஆதி விலங்குகள் பாலினத்தைப் பிரித்தறியாமல் எல்லோரோடும் சேர முயன்றிருக்கலாம்; பிரித்தறிவதற்கான நிறம், வாசனை, குரல் எல்லாம் பிற்பாடு வந்தவை. அப்படியானால் தன்பால் நடத்தை எப்படித் தோன்றியது என்று கேட்பதைவிட, எந்தெந்தக் கிளைகளில் அது ஏன் குறைந்தது என்று கேட்பதே சரி. இது இன்னும் கருதுகோள்தான். பாலூட்டிகளை மட்டும் எடுத்துக்கொண்டு ஹோசே கோமெஸ் குழு 2023இல் செய்த ஒப்பீடு வேறு திசையில் போகிறது: அங்கே இந்த நடத்தை பலமுறை தனித்தனியாகத் தோன்றியிருக்கிறது, கூடி வாழும் இனங்களிலும், வளர்ந்த விலங்குகள் ஒன்றையொன்று கொல்லும் அளவுக்கு மோதும் இனங்களிலும் அதிகம். பூச்சிக்குப் பொருந்தும் கதை குரங்குக்குப் பொருந்த வேண்டும் என்று கட்டாயம் இல்லை.

இயற்கையில் உண்டு என்பதால் ஒன்று சரி ஆகிவிடாது; சிங்கமும் மந்தியும் பிற ஆணின் குட்டிகளைக் கொல்கின்றன. அதே அளவுகோலில், இயற்கையில் இல்லை என்று சொல்லி மனிதர்களைத் தாழ்த்துவதும் நிற்காது, ஏனென்றால் அந்தக் கூற்று உண்மையே இல்லை.

எண்களை வாசிக்கும் முறை

புரூஸ் பேஜ்மில் 1999இல் தொகுத்தபோது சுமார் 450 விலங்கினங்களின் பதிவுகள் சேர்ந்தன. ஓஸ்லோ இயற்கை வரலாற்று அருங்காட்சியகம் 2006இல் நடத்திய கண்காட்சியோடு 1,500 என்ற எண் பரவியது. அவற்றில் நன்கு ஆவணப்பட்டவை 500 அளவில் என்று அங்கேயே சொல்லியிருந்தார்கள். கோமெஸ் குழுவின் பட்டியலில் பாலூட்டிகள் 261, அதாவது எல்லாப் பாலூட்டி இனங்களிலும் சுமார் 4 சதவீதம், ஆனால் பாலூட்டிக் குடும்பங்களில் ஏறத்தாழப் பாதி. ஒரே ஒரு முறை கண்டதும் ஆயிரம் முறை எண்ணியதும் இந்தப் பட்டியல்களில் ஒரே வரியாகத்தான் நிற்கும். குரங்கினங்கள் அதிகம் இருப்பதற்கு, அவற்றை மனிதர்கள் அதிக நேரம் பார்த்ததும் ஒரு காரணம்.

உயிரியல் பூங்காச் செய்திகளில் கூடுதல் கவனம் தேவை. நியூயார்க் சென்ட்ரல் பார்க் பூங்காவின் ராய், சைலோ என்ற இரண்டு ஆண் பெங்குயின்கள் சேர்ந்து ஒரு குஞ்சை வளர்த்தது உலகப் புகழ்பெற்றது. 2005இல் சைலோ ஒரு பெண்ணோடு ஜோடி சேர்ந்ததும் அதே வேகத்தில் செய்தியானது. சிறிய கூட்டம், குறைந்த தேர்வு. சில ஆண்டுகளில் ஒரு ஜோடி பிரிவது பெங்குயின்களுக்குப் புதிதும் அல்ல. எந்தச் செய்தியைப் படித்தாலும் இவற்றைப் பார்க்கலாம்: பாலினம் சோதிக்கப்பட்டதா, ஊகமா, எதிர்பால் எட்டும் தூரத்தில் இருந்ததா, எத்தனை வாய்ப்புகளில் எத்தனை முறை நடந்தது, சொல்வது செயலையா, இணையையா, விருப்பத்தையா.

பட்டியலில் ஓர் இனம் இல்லாததையும் இப்படித்தான் படிக்க வேண்டும். 2022 ஜனவரியில் ஹவாயின் மவுய் தீவருகே இரண்டு கூனல் திமிங்கிலங்கள் சேர்வதை இரண்டு புகைப்படக்காரர்கள் படமெடுத்தார்கள். ஆய்வாளர்கள் பார்த்தபோது இரண்டுமே ஆண்கள்; ஒன்று மெலிந்து, காயப்பட்டு இருந்தது. அதனால் இதை அந்த இனத்தின் வழக்கமாகக் கொள்ள முடியாது. ஆனால் பல பத்தாண்டுகள் ஆயிரக்கணக்கானோர் பின்தொடர்ந்த அந்த இனத்தில், ஆண்குறி நுழைந்த சேர்க்கை என்று படத்தோடு பதிவானது அதுவே முதல் முறை. ஆணும் பெண்ணும் சேர்ந்ததற்குக்கூட அதுவரை அப்படி ஒரு பதிவு இல்லை.